உவைசு கையால்

ஜனவரி 9, செவ்வாய்

தினமும் எழுதச் சொல்லிவிட்டார் பேச்சுப் பயிற்சி கொடுக்கிற டாக்டரம்மா. மச்சான் வாயிலிருந்து இன்றைக்கு என்ன சொல் வந்தது, யாரைப் பார்த்து வந்தது, எல்லாம் எழுதி வைத்து அடுத்த தடவை திருநெல்வேலிக்குக் கொண்டுவர வேண்டுமாம். நான் எட்டாம் வகுப்போடு நின்றவள். பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளட்டும்.

இன்று சொன்ன சொல்: சரி.

கஞ்சி கொடுத்தேன், சரி என்றார்கள். கைலி மாற்றினேன், சரி. டாக்டரம்மா சொல்லிக்கொடுத்தபடி என் போட்டோவை நீட்டி, "இது யாரு மச்சான்? ஸபியான்னு சொல்லுங்க" என்றேன். உற்றுப் பார்த்துவிட்டு அதற்கும் சரி சரி. இத்தனை வருஷம் குடித்தனம் பண்ணியதற்கு இந்த ஒரு சொல் மிஞ்சியிருக்கிறது எனக்கு. கோபத்தில் இருக்கும்போது அதுவும் எரிச்சலாகத்தான் இருக்கிறது.

ஜனவரி 12, வெள்ளி

டாக்டரம்மாவுக்காக நடந்ததை ஒழுங்காக எழுதுகிறேன். டிசம்பர் வெள்ளத்தில் தெருவெல்லாம் இடுப்பளவு தண்ணீர். அன்று காலையில் மச்சானுக்கு வலது பக்கம் இழுத்துக்கொண்டது. ரோடு இல்லை, கரண்ட் இல்லை, போன் இல்லை. மறுநாள் மீன்காரர்கள் படகு கொண்டுவந்து ஏற்றிப் போனார்கள். கை கால் கொஞ்சம் திரும்பியிருக்கிறது. வாய் திரும்பவில்லை.

மச்சானுக்கு வேலையே வாயால்தான். ஓதிப் பார்ப்பார்கள். தலைவலி, பல்வலி, கண்ணேறு, குழந்தை பயந்து அழுவது எல்லாவற்றுக்கும் ஆள் வரும். எங்கள் சனம் மட்டுமில்லை, கடற்கரையிலிருந்து வேதக்காரர்கள், உள்ளூர் நாடார் வீட்டுப் பிள்ளைகள், எல்லோரும் வருவார்கள். அதிலும் ஒரு காலத்தில் காய்ச்சலுக்கு ஓதுவதில் பெயர் போனவர்கள். அந்த ஓதல் எந்தக் கிதாபிலும் கிடையாது. அவர்கள் வம்சத்தில் ஒருவர் வாயிலிருந்து இன்னொருவர் வாய்க்கு வந்தது.

அந்த வாயை என் மகளுக்கு மட்டும் திறக்கவில்லை.

இதை டாக்டரம்மாவுக்குக் காட்ட மாட்டேன், கிழித்துவிடுவேன். ஆனாலும் எழுதிவிடுகிறேன். பல வருஷம் ஆகிவிட்டது, பத்தொன்பது வயதுப் பிள்ளை காய்ச்சலில் அனலாய்க் கிடந்தது. ஆஸ்பத்திரிக்குக் கார் சொன்னார்கள், அது சரி. கார் வருகிற வரைக்கும் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார்களே, ஒரு எழுத்து ஓதவில்லை. "ஓதுங்க மச்சான், ஊர்ப்பிள்ளைக்கெல்லாம் ஓதுறிய, நம்ம புள்ளைக்கு ஓதுங்க" என்று காலைக் கட்டிக்கொண்டு அழுதேன். தன் கையை அவள் நெற்றியில் வைக்கக்கூட இல்லை. அவள் கையையே எடுத்து அவள் நெற்றியில் வைத்தார்கள். வைத்துக்கொண்டு சும்மா உட்கார்ந்திருந்தார்கள். பிள்ளை ஆஸ்பத்திரியிலிருந்து மையித்தாகத்தான் வந்தது.

ஏன் ஓதவில்லை என்று அப்புறம் எத்தனையோ தடவை கேட்டேன். தலையைக் குனிந்துகொள்வார்கள். நானும் கேட்பதை விட்டேன். அவர்கள் ஓதின தண்ணீரைக் குடிப்பதையும் விட்டேன்.

வாய் திரும்பினால் மறுபடியும் அதைத்தான் கேட்பேன். கண்ணை மூடி மௌத்தாவதற்கு முன்னால் எனக்கு அந்தப் பதில் வேண்டும். இந்த டைரி டாக்டரம்மாவுக்காக இல்லை, அதற்காகத்தான்.

ஜனவரி 17, புதன்

சொன்ன சொல்: சரி.

சீலா மீன் கிடைத்தது. முள்ளெடுத்து மசித்துக் கொடுத்தேன், ரெண்டு வாய் கூடவே சாப்பிட்டார்கள்.

கோமதி என்று ஒரு பெண் வந்தது. பாளையங்கோட்டைக்காரி. வெள்ளத்தில் நனைந்த பழைய கிதாபுகளைக் காப்பாற்ற வந்திருக்கிற கூட்டத்தில் ஒருத்தி. பெண்கள் கூடி ஓதுகிற தைக்காவில் ஃபேனைப் போட்டு, ஒவ்வொரு ஏட்டுக்கும் நடுவில் உறிஞ்சுகிற தாளை வைத்து, பச்சைப்பிள்ளையைத் துடைப்பதுபோலத் துடைத்துக்கொண்டிருக்கிறார்களாம். போட்டோ எடுத்துக் கம்ப்யூட்டரிலும் ஏற்றுகிறார்களாம்.

"கிதாபுல இல்லாம வாயில மட்டும் இருக்கறதும் உண்டுன்னு சொன்னாங்கம்மா. உங்க வீட்டுக்காரர் ஓதறதை ரெக்கார்டு பண்ணி வைக்கலாமான்னு கேட்க வந்தேன்."

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "நல்லா வந்திய. வாயிருந்தா வங்காளம் போகலாம்பாஹ. இங்க வாயே இல்லையேம்மா" என்றேன்.

அந்தப் பெண் முகம் வாடிப்போனது. டீ போட்டுக் கொடுத்தேன்.

ஜனவரி 20, சனி

இன்றைக்கு எழுத நிறைய இருக்கிறது.

பக்கத்து வீட்டுப் பேத்தியைக் கூட்டிக்கொண்டு வந்தார்கள். காதுவலி, ஓலமிட்டு அழுகிறது. மச்சான் படுத்திருப்பது தெரியாமலா வந்தார்கள், பழக்கம், கால் இழுத்துக்கொண்டு வந்துவிட்டது. குழந்தை காதைப் பொத்திக்கொண்டு கட்டிலுக்குப் பக்கத்தில் நின்றது. மச்சான் இடது கையை நீட்டி அதன் காதில் வைத்தார்கள். வைத்ததும் ஓத ஆரம்பித்தார்கள்!

தெளிவாக. ஒரு எழுத்து பிசகவில்லை. ஓதி முடித்து மூன்று தடவை ஊதினார்கள்.  "மச்சான், பேச்சு வந்திருச்சா? மச்சான்!" என்று உலுக்கினேன்.

"சரி சரி" என்றார்கள்.

டாக்டரம்மாவுக்குப் போன் போட்டேன். சிலருக்கு இப்படி வருமாம். சொந்தமாக ஒரு சொல் எடுத்துப் பேச முடியாது, ஆனால் பல வருஷம் சொல்லிச் சொல்லிப் பழகியது வேறு வழியாக வந்துவிடுமாம். அப்படியானால் பாஷை இருக்கிறது, எனக்குத்தான் இல்லை.

ஜனவரி 25, வியாழன்

கோமதி தினமும் வருகிறாள். சின்ன மெஷினைத் தலையணைக்குப் பக்கத்தில் வைக்கிறாள். மெஷினைப் பார்த்து மச்சான் ஓதுவார்களா? நோயாளி வேண்டும். தினமும் ஒரு நோயாளியை எங்கே பிடிப்பது? கடைசியில் நான்தான் நோயாளி.

முதல் நாள் தலைவலி. முந்தானையைத் தலையில் இறுக்கிக் கட்டிக்கொண்டு எதிரே உட்கார்ந்தேன். நெற்றியில் கை வைத்து ஓதினார்கள். நேற்று பல்வலி. இன்றைக்குக் கண்ணேறு. "என்னை யாரு கண்ணு போடப்போறா இந்த வயசுல" என்று கோமதியிடம் சொன்னேன், அவள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள், மெஷினில் அதுவும் ஏறிவிட்டதாம்.

 மகள் போன பிறகு அவர்கள் ஊதின காற்று இப்போதுதான் என் மேல் படுகிறது. பொய் வலிக்காக.

கோமதி நல்ல பெண். "யாரு கேக்கலாம், யாரு கேக்கக்கூடாதுன்னு நீங்க சொல்லுங்கம்மா, அப்படியே பூட்டி வச்சிருவோம்" என்கிறாள். ஓதுவதற்கு இஜாசத் வேண்டும் என்பதையும் கேட்டு எழுதிக்கொண்டாள். அதுதான் அனுமதி. ஒருவர் கையைப் பிடித்துக் கொடுத்தால்தான் இன்னொருவருக்கு ஓத உரிமை. காதால் கேட்டுப் பாடம் பண்ணி யார் வேண்டுமானாலும் ஓதலாம் என்றால், இத்தனை வருஷம் திரைக்குப் பின்னால் நின்றவள் நானும் ஓதுகிற லெப்பை ஆகியிருப்பேன்.

ஜனவரி 27, சனி

ஷார்ஜாவிலிருந்து மகன் ஜக்கரியா பேசினான். ரெக்கார்டு விஷயம் அவன் காதுக்குப் போய்விட்டது.

"உம்மா, எதுக்கு இதெல்லாம்? அல்லாஹ்கிட்ட நேரா கேக்கணும். நாளைக்கு யாராவது இதைப் போட்டுக் கேட்டுக்கிட்டு ஆஸ்பத்திரிக்குப் போகாம கெடப்பான். அந்தப் பாவம் யாருக்கு?"

"உங்க வாப்பா யாரை ஆஸ்பத்திரிக்குப் போகாதேன்னாஹ?"

"வாப்பாவைச் சொல்லல."

"வேற யாரைச் சொல்றே?"

 இவன் பதினெட்டு வயதிலேயே எனக்கு இது வேண்டாம் என்று வாப்பா முகத்துக்கு நேரே சொன்னவன்.  அன்றைக்கு மச்சான் சாப்பிடாமல் படுத்துவிட்டார்கள்.

ஜனவரி 31, புதன்

கோமதி காய்ச்சல் ஓதலைக் கேட்டாள். எல்லோரும் அதைத்தான் சொல்கிறார்களாம். நான் போர்வையைப் போர்த்திக்கொண்டு நடுங்குகிற மாதிரி உட்கார்ந்தேன். மச்சான் என்னைப் பார்த்தார்கள். சரி சரி என்று சொல்லிவிட்டுச் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார்கள்.

"முதல் சொல்லை யாராவது எடுத்துக் கொடுத்தா வந்துருமோ? உங்களுக்குத் தெரியுமாம்மா?"

தெரியாது என்றேன்.

தெரியும். அந்த ஒன்றுக்கு மட்டும் முதலில் பெயர் வரிசை சொல்ல வேண்டும், யார் கையிலிருந்து யார் கைக்கு வந்தது என்று. முதல் பெயர் எனக்குத் தெரியும். இந்த வீட்டில் கல்யாணம் ஆன வாரத்திலிருந்து கேட்டிருக்கிறேன். ஆனால் ஏன் சொல்ல வேண்டும்? என் பிள்ளைக்கு இல்லாத ஓதல் பெட்டிக்குள் பத்திரமாக இருந்து யாருக்கு என்ன ஆகப்போகிறது? போனால் போகட்டும், மண்ணோடு போகட்டும்.

இன்று சொன்ன சொல்: சரி.

பிப்ரவரி 2, வெள்ளி

உடம்பு வலிக்கிறது. வெள்ளம் வடிந்த பிறகு தெருவில் பாதிப் பேருக்குக் காய்ச்சல், எனக்கும் பிடித்துக்கொண்டது. கஞ்சி வைக்கக்கூட முடியவில்லை, கோமதிதான் வைத்தாள்.

பிப்ரவரி 3, சனி

மெதுவாகத்தான் எழுத முடிகிறது.

காலையில் காய்ச்சல் ஏறிவிட்டது. மாத்திரை போட்டுக்கொண்டு மச்சான் கட்டிலுக்குப் பக்கத்தில் பாயை விரித்துப் படுத்தேன். கோமதி ஈரத்துணி போட்டாள். மச்சான் என்னைப் பார்த்துக்கொண்டே இருந்தார்கள். கண் கலங்கியிருந்தது. இடது கையை என் பக்கமாக நீட்டுவதும் எடுத்துக்கொள்வதுமாக இருந்தார்கள்.

எனக்கு ஆத்திரம் பொங்கிவிட்டது. அன்றைக்கும் இப்படித்தானே! "நீட்டுறிய, அப்புறம் ஏன் எடுக்கிறிய? எனக்கும் கிடையாதா? அன்னைக்கு அவளுக்கும் கிடையாது, இன்னைக்கு எனக்கும் கிடையாதா?" என்று கத்தினேன். கத்திய வேகத்திலேயே அவர்கள் கையைப் பிடித்து என் நெற்றியில் வைத்து முதல் பெயரைச் சொன்னேன். "பல்லாக்கு லெப்பை கையால்..."

மச்சான் வாய் திறந்தது.

"பல்லாக்கு லெப்பை கையால் மொகுதூம் லெப்பை. மொகுதூம் லெப்பை கையால் சதக்கு லெப்பை. சதக்கு லெப்பை கையால் உவைசு."

உவைசு என்பது மச்சான் பெயர். முன்பெல்லாம் அங்கே நிறுத்தி மூச்சு வாங்கிவிட்டு ஓதலுக்குள் போவார்கள். இப்போது நிறுத்தவில்லை. மூச்சும் வாங்கவில்லை. அதே ஓட்டத்தில் இன்னொன்று வந்தது.

"உவைசு கையால் ருகையா."

அதோடு வாயை மூடிக்கொண்டார்கள். என் நெற்றியிலிருந்த கையையும் எடுத்துவிட்டார்கள்.

ருகையா என் மகள். இத்தனை நாளும் இதில் அவள் பெயரை எழுதாமலே சமாளித்துவிட்டேன். இந்த வீட்டில் நாங்கள் யாரும் அதைச் சொல்வதில்லை. அவளைப் பெற்ற வாப்பா வாயில் அந்தப் பெயரை நான் கேட்டுப் பல வருஷம் ஆகிறது.

 கோமதி மெஷினை நிறுத்திவிட்டு அடுப்படிக்குப் போய்விட்டாள். நான் பாயில் கிடந்து அழுதேன்.

பிப்ரவரி 4, ஞாயிறு

காய்ச்சல் குறைந்திருக்கிறது. முதல் பெயரை மறுபடியும் எடுத்துக் கொடுத்தேன். அதே மாதிரி வந்தது, அதே இடத்தில் நின்றது. மத்தியானமும் அப்படித்தான். அதற்கு மேல் ஓதலே வரவில்லை. சொல்லிப் பழகியதுதான் வரும் என்று டாக்டரம்மா சொன்னாரே. அப்படியானால் இந்தப் பெயரைச் சேர்த்துச் சொல்லி எத்தனை நாள் பழகியிருக்க வேண்டும் இந்த நாக்கு! விடியற்காலையில் சுபுஹு தொழுதுவிட்டு முசல்லாப் பாயில் உட்கார்ந்து உதட்டை அசைத்துக்கொண்டே இருப்பார்கள். நான் அதை அல்லாஹ்வின் பெயரைச் சொல்கிற திக்ரு என்று நினைத்திருந்தேன்.

பிப்ரவரி 6, செவ்வாய்

மச்சானுக்கு அண்ணன் முறை, பெரியவாப்பா மகன் நூகு காக்காவை வரச்சொல்லி ஆள் அனுப்பினேன். அவர்களும் அதே வம்சம். காய்ச்சல் ஓதல் அவர்கள் கைக்குப் போகவில்லை என்றாலும் முறை தெரியும். கோமதி பதிந்ததைப் போட்டுக் காட்டினாள். காக்கா ஒரு தடவை கேட்டார்கள். இன்னொரு தடவை போடச் சொன்னார்கள். தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டார்கள்.

"புள்ளைக்குக் கொடுத்திருக்கான்" என்றார்கள்.

"பொம்பளைப் புள்ளைக்குக் கொடுக்கலாமா காக்கா?"

"ஓத நல்ல வாய் இருந்தா யாருக்கும் கொடுக்கலாம். ஜக்கரியா வேண்டாமுன்னுட்டான். அவளுக்குத்தான் ஆசை இருந்திருக்கும்."

"அப்ப ஏன் காக்கா அவளுக்கு ஓதல? கொடுத்த புள்ளைக்கே ஓதக்கூடாதா?"

காக்கா என்னைப் பார்க்காமல் சொன்னார்கள். "இந்த ஓதலுக்கு ஒரு கட்டு உண்டு ஸபியா. கொடுத்த கை அப்புறம் ஓதாது. வாங்கின கைதான் ஓதணும். எங்க சாச்சா சதக்கு லெப்பை உவைசுக்குக் கொடுத்த அன்னையோட நிறுத்திட்டாஹ. அவுஹ கடைசிக் காய்ச்சல்ல கெடந்தப்ப உவைசுதான் ஓதினான்."

"கட்டை மீறினா என்ன ஆகும்?"

"மீறினவன் வாயில அது இருக்காது, வெறும் சத்தம்தான் இருக்கும்பாஹ."

"எங்கிட்டயாவது சொல்லியிருக்கலாமே! இத்தனை வருஷமும் வாயால அவுஹளைக் கொன்னேனே!"

"வாங்கின ஆளு முதல் நோயாளியை எழுப்புற வரைக்கும் பேரை வெளிய விடக்கூடாது. அந்தப் புள்ளைக்கு அந்த நாள் வரவே இல்லையே. எனக்கும் சொல்லல பாத்தியா" என்றார்கள்.

அப்புறம்தான் அந்தக் கையைக் கேட்டேன். அவள் கையை எடுத்து அவள் நெற்றியிலேயே வைத்தார்களே, அது எதற்கு?

"தனக்குத் தானே ஓதிக்க முடியாதுன்னுதான் முறை" என்றார்கள் காக்கா. "பெத்தவன் இல்லையா. ஒருவேளை பலிக்குமோன்னு பாத்திருப்பான்."

அன்றைக்கு ருகையாவின் உதடு அசைந்தது. தண்ணீர் கேட்கிறாள் என்று நினைத்து நான் கரண்டியால் ஊற்றினேன்.

பிப்ரவரி 7, புதன்

தூங்கவில்லை. இப்போது யோசித்தால் வரிசையாக நினைவுக்கு வருகிறது. ருகையா படுப்பதற்கு முன்பே, அந்த மாதமே, காய்ச்சலோடு வந்த ஒரு பிள்ளையை மச்சான் ஓதாமல் ஆஸ்பத்திரிக்கு அனுப்பினார்கள். இவுஹளுக்கு என்ன வந்தது என்று நானே முணுமுணுத்தேன். ஊர்க்காரர்கள் மகள் போன துக்கத்தில் காய்ச்சலுக்கு ஓதுவதை விட்டார் என்றார்கள். நான் கல்நெஞ்சு என்றேன்.

பதில் கிடைத்துவிட்டது. கேட்டது கிடைத்ததும் மனசு ஆறும் என்று நினைத்தேன், எங்கே ஆறுகிறது? இன்னொரு கோபம் வருகிறது. கட்டாவது முறையாவது! பிள்ளை போகிறதே, மீறிப் பார்த்தால்தான் என்ன? வெறும் சத்தமாகவே இருக்கட்டும், அவள் காதில் வாப்பாவின் சத்தம் விழுந்திருக்குமே. ரத்தத்தில் தட்டணு எல்லாம் இறங்கிவிட்டது என்று ஆஸ்பத்திரியில் சொன்னார்கள். ஓதியிருந்தாலும் பிழைத்திருப்பாளா என்பது அல்லாஹ்வுக்குத்தான் தெரியும்.

ஆனால் மனுஷன் தனியாகச் சுமந்திருக்கிறார். கூடவே என் ஏச்சையும் சுமந்திருக்கிறார். 

காலையில் கஞ்சி கொடுத்து முகத்தைத் துடைத்துவிட்டு எதிரே உட்கார்ந்தேன். "மச்சான், நான்தான் தெரியாமப் பேசிட்டேன். அத்தனையும் என் மேல வச்சுக்காதிய. மன்னிச்சிருங்க மச்சான்" என்றேன்.

"சரி" என்றார்கள்.

கஞ்சிக்கும் சரி, கைலிக்கும் சரி, இதற்கும் சரி. புரிந்து சொன்னார்களா, வாயில் இருந்தது வந்ததா? கண்ணையே பார்த்துக்கொண்டிருந்தேன். எனக்குச் சொல்லத் தெரியவில்லை. அப்புறம் பாத்திரத்தைக் கழுவப் போனேன்.

பிப்ரவரி 10, சனி

ஜக்கரியாவிடம் எல்லாவற்றையும் சொன்னேன்.  

"உம்மா, நான் வேண்டாமுன்னதுனாலதான் அவளுக்குக் கொடுத்தாஹளா?"

 ஆமாம் என்றால் பிள்ளை தாங்குமா? "அவளாக் கேட்டு வாங்கியிருப்பா, அவளுக்கு எல்லாத்துலயும் அவசரம்தான்" என்று சொல்லி வைத்தேன். உண்மையும் அதுவாக இருக்கலாம்.

"அந்தத் துண்டை மட்டும் எனக்கு அனுப்பச் சொல்லுங்க உம்மா."

"நீதான் கூடாதுன்னியே."

"வாப்பா அவ பேரைச் சொல்றதைக் கேக்கணும் உம்மா" என்று சொல்லிவிட்டு ஆண்பிள்ளை அழுகிறான். நானும் இங்கே அழுதேன். போனில் அழுவது வீண் செலவு என்று சொல்லி வைத்துவிட்டேன்.

பிப்ரவரி 14, புதன்

தைக்காவில் வேலை முடிந்துவிட்டது. கிதாபுகள் காய்ந்துவிட்டனவாம். நாளை கோமதி கிளம்புகிறாள்.

காய்ச்சல் ஓதல் கிடைக்கவில்லை என்பதில் அவளுக்கு வருத்தம், வெளியே காட்டிக்கொள்ளவில்லை. இருப்பது பெயர் வரிசை மட்டும்தான். அதை வைத்துக்கொள்ளலாமா, அழித்துவிடவா என்று என்னிடம் கேட்டாள். வெளியே சொல்லக்கூடாத பெயர் அதில் இருக்கிறதே.

யோசித்தேன். முதல் நோயாளி எழுந்தால் சொல்லலாம். அவளுக்கு முதல் நோயாளி இனி வரப்போவதில்லை. அதற்காக அவள் இந்த வரிசையில் இருந்ததே யாருக்கும் தெரியாமல் போக வேண்டுமா? மச்சானிடம் கேட்டேன். சரி என்றார்கள். அந்தச் சரியை நம்புவதா வேண்டாமா என்று நான் இப்போதெல்லாம் பார்ப்பதில்லை, எடுத்துக்கொள்கிறேன்.

"வையும்மா" என்றேன். "யாரு வேணும்னாலும் கேக்கட்டும்."

சாயங்காலம் சொல்லிக்கொண்டு போகும்போது கோமதி என்னைக் கட்டிக்கொண்டாள். ஒரு டப்பாவில் தம்மடைப் பலகாரம் போட்டுக் கொடுத்தேன்.

பிப்ரவரி 19, திங்கள்

டாக்டரம்மாவிடம் போக வேண்டிய நாள், போகவில்லை. மச்சானுக்கு விடிந்ததிலிருந்து விழிப்பே இல்லை. கஞ்சி இறங்கவில்லை.

சொன்ன சொல்: இல்லை.

பிப்ரவரி 21, புதன்

சாயங்காலம் அஸருக்குப் பாங்கு சொல்லும்போது மௌத்தாகிவிட்டார்கள். ஜக்கரியா வந்து சேர்வதற்கு முன்னால் அடக்கம் ஆகிவிட்டது.

மார்ச் 16, சனி

புருஷன் மௌத்தானவள் வீட்டோடு இருக்கிற இத்தாவில் இருக்கிறேன். இனி யாருக்காக எழுதுகிறேன் என்று தெரியவில்லை. டாக்டரம்மா போன் போட்டு, எழுதியதை நீங்களே வைத்துக்கொள்ளுங்கள் என்று சொல்லிவிட்டார்.

நோன்புக் கஞ்சிக்கு அரிசி களைந்துகொண்டிருந்தபோது கதவைத் தட்டும் சத்தம். கடற்கரைக் குடியிருப்புப் பெண், பெயர் மெர்லின். இடுப்பில் ரெண்டு வயதுப் பிள்ளை, தலை சாய்ந்து கிடக்கிறது. அவள் மாமியார் சொல்லி அனுப்பினாளாம், லெப்பை வீட்டில் காய்ச்சலுக்கு ஓதுவார்கள் என்று. மாமியார் சொன்னது எந்தக் காலத்துக் கதை! அவளுக்கு மச்சான் படுத்ததும் தெரியாது, போனதும் தெரியாது.

"அவுஹ மௌத்தாகிட்டாஹம்மா. புள்ளைக்கு எத்தனை நாளா காய்ச்சல்? நிக்காதே, ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போ."

"போறேன் லாத்தா, ஆட்டோ சொல்லியிருக்கு. அது வரைக்கும் ஒரு வார்த்தை நீங்க சொல்லி அனுப்புங்களேன். இந்த வீட்டுக்குன்னு வந்துட்டேன்."

"எனக்கு அனுமதி இல்லம்மா" என்றேன். அவள் விடவில்லை. பிள்ளையை என் முன்னால் நீட்டிக்கொண்டே நிற்கிறாள். பிள்ளை மேலிருந்து சூடு என் முகத்தில் அடித்தது.

ஓதுவதற்குத்தான் அனுமதி வேண்டும். பெயரைச் சொல்வதற்கு யார் தடுக்கப்போகிறார்கள்? அந்தப் பிள்ளையின் நெற்றியில் கை வைத்தேன். பல்லாக்கு லெப்பையிலிருந்து ஆரம்பித்தேன். மச்சான் இருந்த நாளெல்லாம் அவர்கள் பெயரை நான் வாயால் சொன்னதில்லை, இன்றைக்குச் சொன்னேன். அதற்கு அடுத்த பெயரையும் சொன்னேன், சத்தமாகவே சொன்னேன். அதோடு நிறுத்திக் கையை எடுத்துவிட்டேன்.

மெர்லின் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். "கடைசியாச் சொன்னியளே, ருகையா, அது யாரு லாத்தா?"

"என் மக."

"லெப்பைக்குப் பொறவு அவுகதான் ஓதுறாவளா?"

"அவகிட்டதான் கொடுத்திருக்கு" என்றேன். வாயில் அப்படித்தான் வந்தது.

மெர்லின் முகம் மலர்ந்துவிட்டது. பிள்ளையை இடுப்பில் ஏற்றிக்கொண்டு, "எங்க இருக்காவ லாத்தா? எந்தத் தெரு? ஆட்டோவுல அப்படியே அவுக வீட்டுக்குப் போய்ப் பாத்துட்டுப் போயிருதேன்" என்றாள்.

வாசலில் ஆட்டோ வந்து நின்றது. டிரைவர் ஹாரன் அடித்துக்கொண்டே இருந்தான்.

"தூரமா இருக்கா" என்றேன். "நீ ஆஸ்பத்திரிக்குப் போம்மா."